அழுதுகொண்டே கேட்பவர்

அவர் யார் கதையையும் நாற்காலியில் உட்கார்ந்து கேட்டதில்லை. சொல்கிறவர் நாற்காலியில் இருந்தால் இவர் தரையில் உட்காருவார். சொல்கிறவர் தரையில் இருந்தால் இவர் இன்னும் ஒரு படி கீழே இறங்கி, வாசலிலோ தோட்டத்து மண்ணிலோ போய் உட்காருவார். கஞ்சி போட்ட முழுக்கால் சட்டை, வழுவழுவென்ற சிங்கப்பூர்ச் சட்டை, மணிக்கட்டில் பளபளக்கும் கடிகாரம், இத்தனையோடும் அந்த மனிதர் மாவாட்டுகிற பெண்ணுக்கு எதிரே சம்மணம் போட்டு, "அப்புறம் என்னாச்சு தாயி?" என்று கேட்டால் யாருக்குத்தான் வாயை மூடிக்கொள்ளத் தோன்றும்? கேட்கக் கேட்க அவர் கண்ணில் தண்ணீர் வந்துவிடும். மூக்கு சிவக்கும், குரல் கம்மும், கைக்குட்டை நனைந்துவிடும். பக்கத்தில் நின்று பார்த்தவள் சொல்கிறேன், அதில் ஒரு துளி நடிப்புக் கிடையாது. எனக்கு அவரிடம் பயம் வந்ததே அதனால்தான். பொய்யாக அழுகிறவனைக் கண்டுபிடித்துத் துரத்திவிடலாம். நிஜமாக அழுகிறவனை என்ன செய்வது?

மதுரை கே.கே. நகரில் அத்தான் வீடு கட்டி மாடியை வாடகைக்கு விட்டபோது வந்தவர் அவர். அத்தான் என்றால் என் அக்காவின் புருஷன். கீழமாசி வீதியில் பலசரக்கு மொத்த வியாபாரம். கல்யாணம் வேண்டாம் என்று இருந்துவிட்ட நான் அவர்களோடு அதே வீட்டில் இருந்தேன். வாசல் பக்கத்து அறையில் டைப்ரைட்டிங் இன்ஸ்டிடியூட் நடத்தினேன். அவர் மாடிக்கு வருஷம் பூராவும் வாடகை கொடுப்பார். ஆனால் இருப்பது என்னவோ சித்திரைத் திருவிழாவை ஒட்டி வந்து ஆடி முடிகிற வரைக்கும்தான். மற்ற மாதமெல்லாம் சிங்கப்பூர். அங்கே டெலிவிஷனில் தமிழ் நாடகங்கள் எழுதுவதும் தயாரிப்பதும் அவர் தொழில். தெருவில் எல்லோருக்கும் அவர் சிங்கப்பூர்க்காரர், எங்கள் வீட்டில் அண்ணன், அக்கா மகள் வசந்திக்கு மாமா.

கொட்டாம்பட்டிக்கு அந்தப் பக்கம் ஏதோ ஒரு கிராமத்தில் பிறந்து, மீசை முளைக்கும் முன்பே கப்பலேறிப் போனவராம். முதலில் மளிகைக் கடையில் மூட்டை பிரிக்கிற வேலை. பிறகு கோயில் திருவிழாவுக்கு மேடை நாடகம், அப்புறம் ரேடியோ, அப்புறம் டெலிவிஷன் என்று ஏறிக்கொண்டே போனார். முதன்முதலில் எழுதியது அவருடைய அம்மா செத்த கதை. சாவுக்கு அவரால் வர முடியவில்லை. பிற்பாடு வந்து, பாடை கட்டியவனிலிருந்து பக்கத்து வீட்டுக் கிழவி வரை ஒவ்வொருவர் முன்னாலும் உட்கார்ந்து, அம்மா எப்படிச் செத்தாள் என்று கேட்டுக் கேட்டு எழுதினாராம்.

"அதோட எங்கிட்ட இருந்தது தீந்துபோச்சும்மா," என்றார் ஒருநாள். "என் கதை அம்புட்டுத்தான். அதுக்கப்பறம் ஊர்க்கதைதான்."

"அதுக்காக வருஷா வருஷம் இம்புட்டுத் தூரம் வரணுமாண்ணே? அங்க இருக்கவுகளுக்குக் கதை இருக்காதா?"

"இருக்கும். ஆனா அவுக கேக்க ஆசப்படுறது இந்த மண்ணுப் பேச்சை. நம்ம பக்கத்துப் பொம்பளை ஒருத்தி 'ஏன்டா இப்பத்தான் வாரியா'ன்டு கேட்டான்னு வையி, அங்க ஒரு கிழவன் டிவி முன்னாடி உக்காந்து தேம்பித் தேம்பி அழுவான். நான் போயி எடுத்துட்டு வரலேன்னா அவனுக்கு யாரு குடுப்பா?"

இதைக் கேட்டபோது எனக்கே அவர்மேல் பாசம் வந்தது. இன்றைக்கும் அந்தப் பாசம் முழுசாகப் போய்விட்டது என்று சொல்ல மாட்டேன்.

டேப் ரிக்கார்டர் வைத்திருந்தார், பாட்டுக் கேட்க மட்டும். பேச்சைப் பதிவு செய்ய மாட்டார். "மெசினை வச்சா ஆளு நடிக்க ஆரம்பிச்சிருவான்" என்பார். கேட்டது அத்தனையும் அவருக்கு அப்படியே மனசில் நின்றுவிடும். மாடிக்குப் போய் எழுதுவார். எழுதியதை என்னிடம் டைப் அடிக்கக் கொடுப்பார். அப்படித்தான் எனக்கு விஷயம் தெரிந்தது. எங்கள் தெருமுனையில் ஒரு ஓய்வு பெற்ற தலைமையாசிரியர் இருந்தார். பரீட்சையில் தோற்ற மகனை ஒரு வார்த்தை கோபமாகச் சொல்லிவிட்டார், பையன் ரயிலேறிப் போனவன் திரும்பவேயில்லை. அந்தக் கதையை அவர் யாரிடமும் பேசியதில்லை. நான் அடித்துக்கொண்டிருந்த தாளில் ஒரு அப்பா சொல்கிறார்: 'அவன் வந்தா கதவு சாத்தியிருக்கேன்னு நினைச்சுக்கக் கூடாதுல்ல, அதான் கொசு கடிச்சாலும் பரவாயில்லன்னு தெறந்தே போட்டிருக்கேன்.' எனக்கு விரல் நின்றுவிட்டது. அவர் வீட்டுக் கதவு ஏன் எப்போதும் திறந்தே கிடக்கிறது என்று தெரு முழுக்க எத்தனையோ நாள் கேலி பேசியிருக்கிறது.

தாளை எடுத்துக்கொண்டு மாடிக்குப் போனேன்.

"இது ஹெட்மாஸ்டர் சார் சொன்னதுதானே?"

"ஆமா."

"அவர்ட்ட கேட்டீங்களா, எழுதலாமான்னு?"

"பேரை மாத்திட்டேன்லம்மா," என்றார், ரொம்பச் சாதாரணமாக. அவரைப் பொறுத்தவரை அதற்கு மேல் செய்ய வேண்டியது ஒன்றுமில்லை. ஊரையும் வீட்டையும் பேச்சையும் வைத்த இடத்திலேயே வைத்துவிட்டு பேரை மட்டும் மாற்றுவார்.

அவரைக் கண்டித்து என்ன பிரயோசனம்? ஹெட்மாஸ்டருக்கு வருத்தமே இல்லை. மதுரையில் அப்போது டெலிவிஷன் பெட்டி எந்த வீட்டில் இருந்தது, போய்ப் பார்க்க? ஆனால் ஒன்று நடந்தது. அந்த வருஷத்திலிருந்து அவர் வீட்டுக் கதவு மற்ற வீட்டுக் கதவுகளைப் போல ராத்திரி சாத்தப்பட்டது. ஒருநாள் கோயிலில் பார்த்தபோது தயங்கித் தயங்கி மகனைப் பற்றிக் கேட்டேன். "அதான் அவர்ட்ட எல்லாத்தையும் சொல்லிட்டேனே" என்றார். ஏதோ கடையை விற்றுவிட்டவர் பேசுவது போலிருந்தது. மனசு லேசானவர் முகம் அப்படி இருக்காது. உள்ளே எதுவுமே மிச்சமில்லாதவர் முகமாக அது எனக்குப் பட்டது.

சிங்கப்பூர்க்காரருடைய மனைவி பற்றியும் சொல்ல வேண்டும். நான் அந்த அம்மாளைப் பார்த்ததில்லை. சிங்கப்பூரில்தான் இருந்தார். "அவ எங்கூடப் பேசுறதை நிறுத்தி ரொம்ப நாளாச்சு. வாயத் தெறந்தா நாடகத்துல வந்துருதாம்" என்று சொல்லிவிட்டு அவர் சிரித்தார். அத்தானும் கூடச் சேர்ந்து சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

என்னிடமும் அவர் முயன்று பார்க்காமல் இல்லை. நான் ஏன் கல்யாணம் செய்துகொள்ளவில்லை என்று தெரிந்துகொள்வதில் அவருக்கு அத்தனை ஆசை. மெஷினுக்குப் பக்கத்தில் தரையில் வந்து உட்காருவார். நான் வேகமாக டைப் அடிக்க ஆரம்பித்துவிடுவேன். அவர் பருப்பு என்னிடம் மட்டும் வேகவில்லை. அதற்காக என்னைப் பெரிய கெட்டிக்காரி என்று நினைக்க வேண்டாம். எத்தனையோ தடவை நாக்கு நுனி வரைக்கும் வந்துவிட்டது.

கிராமத்துப் படங்கள் நன்றாக ஓட ஆரம்பித்த சமயத்தில் அவருக்கும் சினிமா ஆசை வந்தது. எழுதியதும் தயாரித்ததும் அவரே. கொட்டாம்பட்டிப் பக்கத்துக் கிராமம் ஒன்றில் படப்பிடிப்பு. அந்த ஊரில் ஒரே கிணற்றில் முறை வைத்துத் தண்ணீர் இறைக்கிற அண்ணன் தம்பி இரண்டு பேர் இருந்தார்கள். முறைத் தண்ணீரில் எப்போதும் ஒரு முணுமுணுப்பு இருக்கும், எல்லா ஊரிலும் இருப்பதுதான். அவர் அண்ணனிடம் போய் உட்கார்ந்து கேட்டார், அழுதார். தம்பியிடம் போய் உட்கார்ந்து கேட்டார், அழுதார். பிறகு அண்ணன் சொன்னதைத் தம்பியிடமும் தம்பி சொன்னதை அண்ணனிடமும் சொல்லி, "இதுக்கு நீங்க என்ன சொல்லுவீக?" என்று கேட்டார். ஒரு வார்த்தையைக் கூட்டவுமில்லை, குறைக்கவுமில்லை. கோள் மூட்டினார் என்று யாரும் அவர்மேல் குற்றம் சொல்ல முடியாது. படப்பிடிப்பு முடிகிற வாரத்தில் அண்ணன்காரன் மண்வெட்டியைத் தம்பி தோளில் இறக்கிவிட்டான்.

ரத்தம் சொட்டச் சொட்ட அந்தப் பையனைத் தன் மடியில் கிடத்தி மதுரைப் பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டுவந்தவர் இவர்தான். பக்கத்திலேயே இருந்து இட்லி ஊட்டினார், வேட்டி மாற்றிவிட்டார், டாக்டர்களிடம் மன்றாடினார். கூடப் பிறந்தவன்கூட அப்படிப் பார்த்துக்கொள்ள மாட்டான். நானும் அக்காவும் ஆர்லிக்ஸ் பாட்டிலோடு பார்க்கப் போனோம். உள்ளே நுழையும்போது அவர் கட்டிலுக்குக் கீழே தரையில் உட்கார்ந்திருந்தார். "மம்பட்டிய ஓங்குறப்ப அண்ணன் மூஞ்சி எப்படி இருந்துச்சு தம்பி?" என்று கேட்டார், கண்ணைத் துடைத்துக்கொண்டே. கட்டுப் போட்ட அந்தப் பையன் மோட்டுவளையைப் பார்த்தான். பிறகு சொல்ல ஆரம்பித்தான்.

"என்னா மனுசன்டி," என்றாள் அக்கா, வெளியே வந்ததும். "சொந்தத் தம்பிக்கு அழுகுற மாதிரி அழுகுறாரு."

படத்தில் வருகிற அண்ணன் தம்பி சண்டைக் காட்சியை அந்தப் பையன் சொன்னபடி மறுபடியும் எடுத்தார்கள். படம் ஓடவில்லை. அவர் சிங்கப்பூர் டெலிவிஷனுக்கே திரும்பிவிட்டார். அந்த அண்ணன் தம்பி அதற்கப்புறம் பேசிக்கொள்ளவேயில்லை. கிணற்றை இரண்டு பேருமே இறைக்காமல் விட்டுவிட்டதாகக் கேள்விப்பட்டேன்.

இப்போது அக்கா விஷயத்துக்கு வருகிறேன். அக்காவுக்கு இரண்டு தடவை கரு கலைந்தது. மூன்றாவது தடவை வளைகாப்பு வரைக்கும் வந்தது. தலைப்பிரசவத்துக்குத் தாய்வீட்டுக்கு அழைத்து வந்தோம். வந்த சில நாளிலேயே அதுவும் போய்விட்டது. புகுந்த வீட்டில் சொன்னால் அத்தானுக்கு வேறு பெண் பார்த்துவிடுவார்கள் என்று எங்கள் அம்மா மூடி மறைத்தாள். அந்தச் சமயம் எங்கள் வயலில் கூலி வேலை பார்த்த குடும்பத்தில், புருஷனைப் பறிகொடுத்த ஒரு சின்னப்பெண் பிரசவத்தில் செத்துப்போனாள். பிறந்தது பெண். செத்தவளின் ஆத்தாளோ ஏற்கனவே இரண்டு பேரப்பிள்ளைகளை வைத்துக்கொண்டு கஞ்சிக்கு அல்லாடுகிறவள். "எங்கயாச்சும் நல்லா இருக்கட்டும்" என்று அம்மாவின் கையில் கொடுத்துவிட்டாள். அக்கா அந்தக் குழந்தையோடு புருஷன் வீட்டுக்குப் போனாள். அதுதான் வசந்தி. எந்தச் சாதியில் பிறந்த பிள்ளை என்று தெரிந்தால் அந்தக் காலத்தில் எங்கள் சனம் என்ன செய்திருக்கும் என்று நான் விளக்க வேண்டியதில்லை. அம்மா போன பிறகு இது தெரிந்தது எனக்கும் அக்காவுக்கும் மட்டும். அத்தானுக்குக்கூடத் தெரியாது.

வசந்தி கல்லூரிக்குப் போய்க்கொண்டிருந்த ஒரு வருஷம், மத்தியானம், பின்கட்டில் அக்கா முறத்தில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். அவர் துவைக்கிற கல்லுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். எனக்கு உள்ளே வகுப்பு. பிள்ளைகள் தட்டுகிற சத்தத்தில் ஒன்றும் கேட்கவில்லை. தண்ணீர் குடிக்க வந்தபோது இரண்டு பேர் கண்ணும் சிவந்திருந்தது. சாயங்காலம் அக்காவே சொன்னாள்.

"அண்ணன்ட்ட சொல்லிட்டேன்டி."

"எதை?"

"எல்லாத்தையும். வசந்திக்கு நான் பாலு குடுக்க முடியாம கதவைச் சாத்திக்கிட்டு சங்குல புகட்டுனேன்ல, அது வரைக்கும்."

"உனக்கு என்ன கிறுக்கா பிடிச்சிருக்கு?"

"கத்தாத. அவரு கடலுக்கு அந்தப் பக்கம் போற ஆளு. இங்க யாருட்ட சொல்லப் போறாரு? இத்தன வருசத்துல இன்னைக்குத்தான்டி எனக்கு மூச்சு வந்திருக்கு."

எங்கள் தெருவே செய்த தப்பு அதுதான். உள்ளூர்க்காரனிடம் சொன்னால் பரவும், பிளேன் ஏறுகிறவனிடம் சொன்னால் கடலோடு போய்விடும் என்று எல்லோரும் நம்பினார்கள். அதனாலேயே புருஷனிடம் சொல்லாததையெல்லாம் அவரிடம் சொன்னார்கள்.

அடுத்த வருஷம் அவர் வந்தபோது டைப் அடிக்க எனக்கு ஏதேதோ கொடுத்தார். ஆனால் அண்ணா நகரில் இன்ஸ்டிடியூட் வைத்திருந்த தோழி ஒருத்தியைப் பார்த்தபோது, "உங்க மாடி சாரு போன வருசம் ஒரு நாடகம் குடுத்தாரே, என்னா கதை, எங்க பிள்ளைக அடிச்சு முடிக்கிறதுக்குள்ள அழுதுருச்சுக" என்றாள். ஏழெட்டு வருஷமாக ஒரு தாளைக்கூட வேறு யாரிடமும் கொடுக்காத மனிதர். நேரே மாடிக்குப் போனேன்.

"எங்கக்கா கதையை எழுதிட்டீங்களாண்ணே?"

அவர் என்னை நிமிர்ந்து பார்க்கவில்லை. "பேரை மாத்திட்டேன்மா."

"நீங்களெல்லாம் மனுசன்தானா?"

"முத பாகம் அங்க ஒளிபரப்பாகிருச்சு. நீ நெனைக்கிற மாதிரி தப்பா இல்ல. அங்க உங்கக்காவுக்காக அழாத பொம்பளை கிடையாது." மேஜைமேல் கிடந்த தாள்களை அடுக்கிக்கொண்டே, "ரெண்டாம் பாகம்தான் வர மாட்டேங்குது. பொண்ணுக்குத் தெரியிற இடத்தோட நிக்கிது. அவ என்ன செய்வான்னு எனக்குத் தெரியல," என்றார். எழுத முடியாமல் அவர் நிஜமாகவே வேதனைப்படுகிறார் என்பது தெரிந்தது. அது தெரிந்தும் எனக்கு ஆத்திரம் அடங்கவில்லை.

கீழே வந்து அக்காவிடம் சொன்னேன். திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். "பேரை மாத்திட்டாருல்ல, பெறகென்ன" என்றாள். சற்று நேரம் கழித்து, வெட்கப்பட்டுக்கொண்டே, "என்னைய மாதிரி யாரு நடிச்சாளாம்?" என்று கேட்டாள். நான் தலையில் அடித்துக்கொண்டேன்.

அதற்கடுத்த வருஷம் வசந்திக்கு இடம் அமைந்தது. திருமங்கலத்துப் பையன், பேங்கில் வேலை, நல்ல குடும்பம். பையனுக்கும் வசந்திக்கும் ஒருவரையொருவர் பிடித்துப்போனது முகத்திலேயே தெரிந்தது. பையனின் அண்ணன் சிங்கப்பூரில் இருந்தான். ஒரு ஞாயிற்றுக்கிழமை பூ வைக்க வந்தார்கள். அத்தானின் தங்கை செல்லூரிலிருந்து வந்திருந்தாள். சத்தமாகப் பேசுகிறவள், சத்தமாகச் சிரிக்கிறவள். சூதுவாது தெரியாது. வசந்தி என்றால் அவளுக்கு உயிர். மாடியிலிருந்து அவரும் வந்து கடைசியில் உட்கார்ந்திருந்தார்.

அப்போது விசேஷ வீடுகளில் டிவியும் வீடியோ டெக்கும் வாடகைக்கு எடுத்துப் படம் போடுவது புதுப் பவிசு. அத்தானும் எடுத்திருந்தார். பூ வைத்து, விருந்து முடிந்து, எல்லோரும் வெற்றிலை போட்டுக்கொண்டிருந்தபோது, மாப்பிள்ளையின் அண்ணன் பையிலிருந்து ஒரு கேசட்டை எடுத்தான்.

"சினிமா எப்பவும் பாக்குறதுதானே. உங்க மாடி வீட்டு அண்ணன் எழுதின நாடகம் இது. சிங்கப்பூர்ல இதைப் பத்தித்தான் பேச்சு. லீவுக்கு வாரப்ப நல்ல நாள் அன்னைக்குக் கொண்டாந்து போடுங்கன்னு அவருதான் சொன்னாரு."

நான் திரும்பி அவரைப் பார்த்தேன். அவர் சுவரோரமாக நகர்ந்து, டிவிக்கு முதுகைக் காட்டி, எங்கள் எல்லோர் முகமும் தெரிகிற மாதிரி தரையில் உட்கார்ந்துகொண்டிருந்தார். டெக் வயரைப் பிடுங்கிவிடலாமா என்று எழுந்தேன். சம்பந்தி வீட்டார் முன்னால் என்ன சொல்லிப் பிடுங்குவது? அக்கா என்னைப் பார்த்து இலேசாகத் தலையசைத்தாள். பேர்தான் மாற்றியிருக்கிறதே என்கிற தைரியம் அவளுக்கு.

நாடகம் நன்றாக இருந்தது. அதைச் சொல்லாவிட்டால் பொய் சொன்னவளாவேன். அந்த நடிகை வேறு சாயல்தான், ஆனால் பேசியது என் அக்கா. அரிசி புடைக்கும்போது உதட்டைக் கடிப்பது, மாமியார் கூப்பிட்டால் 'இந்தா வாரேன் அத்தை' என்று இழுப்பது, அத்தனையும் இருந்தது. சம்பந்தியம்மாள் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். வசந்தியும் அழுதுகொண்டிருந்தாள், யாருக்காக என்று தெரியாமல். நடிகை கைக்குழந்தையோடு அறைக்குள் போய்க் கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டாள். வெளியே நாத்தனார்க்காரி கதவைத் தட்டுகிறாள். உள்ளே இவள் சங்கில் பால் புகட்டுகிறாள்.

அத்தானின் தங்கை சத்தமாகச் சிரித்தாள். "ஏன் மதினி, நீயும் இப்படித்தானே? வசந்திக்குப் பால் குடுக்குறப்ப என்னையக்கூட உள்ள விட மாட்ட. கதவைத் தட்டித் தட்டி எனக்குக் கையே வலிக்கும்."

சொல்லி முடித்த பிறகுதான் அவள் சொன்னது அவளுக்கே கேட்டது. சிரிப்பு அப்படியே முகத்தில் நின்றது.

அக்கா ஒரு சிரிப்புச் சிரித்திருந்தால் போதும், முடிந்திருக்கும். 'உன் கண்ணு பட்டுரும்னுதான்டி' என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் எல்லோரும் சிரித்துவிட்டு மறந்திருப்பார்கள். அவள் சிரிக்கவில்லை. திரும்பி அந்த மனிதரைப் பார்த்தாள். அவள் பார்த்த இடத்தை எல்லோரும் பார்த்தார்கள். அவர் அழுதுகொண்டிருந்தார்.

"என்னம்மா?" என்றாள் வசந்தி.

டிவியில் நாடகம் ஓடிக்கொண்டேயிருந்தது. அந்தக் குழந்தை வளர்ந்து பெரியவளாகி வாசலில் வந்து நின்று, 'நான் யாரும்மா?' என்று கேட்கிற இடத்தில் முதல் பாகம் முடிந்தது. அது வரைக்கும் ஒருவரும் அசையவில்லை. மாப்பிள்ளையின் அப்பா மெதுவாக எழுந்து துண்டை உதறித் தோளில் போட்டார். "நேரமாச்சு, கெளம்புறோம்" என்றார். போகிறோம் என்று சொல்லாமல் போய்வருகிறோம் என்று சொல்வதுதானே மரியாதை. அதை யாரும் சொல்லவில்லை. மறுவாரம் ஆள் வந்து, ஜாதகத்தை இன்னொரு இடத்தில் பார்த்தோம், சரியாக வரவில்லை என்று சொல்லிவிட்டுப் போனார்.

அத்தான் அன்று ஒரு வார்த்தையும் கேட்கவில்லை. அக்காவே எல்லாவற்றையும் சொன்னாள். கேட்டுவிட்டுக் கடைக்குப் போனார். அதன் பிறகும் வேளாவேளைக்கு வந்து சாப்பிட்டார். சோறு போடுகிறவளின் முகத்தை மட்டும் பார்க்க மாட்டார். வசந்தியை அவர் வெறுக்கவில்லை. அவள் அறை வாசலில் வந்து நிற்பார், என்ன சொல்வதென்று தெரியாமல் திரும்பிப் போவார்.

வசந்தி பேச்சையே நிறுத்திவிட்டாள். கோபித்துக்கொண்டு பேசாமல் இருப்பது வேறு. இவள் கூப்பிட்டால் திரும்புவாள், சாப்பிடு என்றால் ரெண்டு வாய் சாப்பிடுவாள், படு என்றால் படுப்பாள். வாயிலிருந்து சத்தம் மட்டும் வரவில்லை. அக்கா அவள் காலைப் பிடித்துக்கொண்டு அழுதாள். "திட்டுடி, அடிடி, பெத்தவளைப் பத்திக் கேளுடி, ஏதாச்சும் ஒண்ணு கேளு" என்று கெஞ்சினாள். அவள் அம்மாவின் தலையைத் தடவிக்கொடுத்தாள், அவ்வளவுதான். தெருவிலிருந்த கிளினிக் டாக்டர் தூக்க மாத்திரை கொடுத்தார். அத்தானின் தங்கை, தன் வாயால் வந்த வினை என்று தலையிலடித்துக்கொண்டு, அவளை அழகர்கோவிலுக்குக் கூட்டிப் போய் மலைமேல் தீர்த்தமாடவைத்து, கருப்பசாமி வாசலில் விபூதி போட்டுக் கூட்டி வந்தாள். ஒன்றும் நடக்கவில்லை. இளைத்துக்கொண்டே வந்தாள். ஒருநாள் காலையில் அவள் பின்கட்டுக் கிணற்றுச் சுவரில் கையை ஊன்றி உள்ளே பார்த்துக்கொண்டு நின்றதை நான் பார்த்தேன். அதன் பிறகு எங்கள் வீட்டில் யாரும் அவளைத் தனியாக விடவில்லை.

சிங்கப்பூர்க்காரரிடம் வீட்டைக் காலி செய்யச் சொல்லிவிட்டேன். "சரிம்மா" என்றார். பெட்டி கட்டிக்கொண்டிருக்கிற சத்தம் மாடியில் கேட்டது. அவர் ஒழிந்தால் போதும் என்று நான் இருந்தேன். மறுநாள் மத்தியானம், சாதம் வடித்துவிட்டு, அக்கா முகத்தைக் கழுவித் தலையை ஒதுக்கிக்கொண்டு மாடிப்படி ஏறினாள். சண்டை போடப் போகிறாள் என்று நினைத்து நானும் பின்னாலேயே ஏறினேன்.

அக்கா அவர் முன்னால் கையெடுத்துக் கும்பிட்டாள்.

"அண்ணே, அவ வாயே தெறக்க மாட்டேங்குறா. உங்ககிட்டன்னா எல்லாரும் பேசுறாக. நீங்க வந்து கேளுங்க."

"அக்கா," என்றேன்.

"நீ சும்மா இரு. எம்பிள்ள எனக்கு வேணும்."

அவர் முகம் வெளுத்துவிட்டது. வேண்டாம் என்பது போலத் தலையை ஆட்டினார். ஒரு நிமிஷம், ஒரே ஒரு நிமிஷம், அவர் வர மாட்டார் என்றே நம்பினேன். பிறகு கைக்குட்டையை எடுத்துப் பையில் வைத்துக்கொண்டு படியிறங்கினார்.

வசந்தி கட்டிலில் உட்கார்ந்திருந்தாள். அவர் கீழே தரையில் உட்கார்ந்தார். நானும் அக்காவும் பக்கத்து அடுப்படியில் சுவரோடு சாய்ந்துகொண்டோம். பிறகு அவர் அழுகிற சத்தம் கேட்டது. இன்னும் கொஞ்ச நேரம் போனது.

"மாமா," என்றது வசந்தியின் குரல். எத்தனையோ நாளைக்கப்புறம் கேட்ட குரல். கரகரவென்றிருந்தது. "வந்தவுக முன்னாடி அதை ஏன் போடச் சொன்னீக?"

"முடிவு தெரியாமப் போச்சும்மா," என்றார். மறைக்கவில்லை. "நீ என்ன செய்வேன்னு பாக்கணும்னு இருந்துச்சு."

"இப்பத் தெரிஞ்சிருச்சா?"

"இல்லம்மா. நீ சொன்னாத்தான் தெரியும்."

நான் எழுந்துவிட்டேன். அந்த ஆளின் சட்டையைப் பிடித்துத் தெருவில் தள்ளிவிட்டு வருவது என்றுதான் எழுந்தேன். அக்கா என் முழங்கையை இறுக்கிப் பிடித்து, இழுத்துத் தன் பக்கத்தில் உட்காரவைத்தாள். அவள் நகம் என் தோலில் பதிந்தது.

"சத்தம் போடாத," என்றாள். "அவ பேசப் போறா."

வசந்தி சொல்ல ஆரம்பித்தாள். எங்கள் இரண்டு பேருக்கும் அவள் சொல்வது அரைகுறையாகத்தான் கேட்டது. அக்கா சுவரில் காதை வைத்துக்கொண்டாள்.